சுருக்கச் சொன்னால் சுருக்க மறுத்த மென்பொருள்: சிம்பை பற்றி ஒரு டியூஷன் வாத்தியார்

இரண்டு வருடம் முன்பு பதினோராம் வகுப்புப் பையன் ஒருவன் நோட்டைக் கொண்டுவந்து காட்டினான். சின்னக் கணக்கு. க² என்பதன் வர்க்கமூலத்தைச் சுருக்க வேண்டும், அவ்வளவுதான். விடை "க" என்று எழுதியிருந்தான். கேமராவைக் காட்டினால் விடை சொல்லும் ஃபோன் செயலி ஒன்று (பெயர் வேண்டாம்) அப்படித்தான் சொன்னதாம். அடுக்கை அடுக்கால் பெருக்கு, 2-ஐ ½-ஆல் பெருக்கினால் 1, ஆக விடை க. நான் கரும்பலகையில் எழுதிப் போட்ட விதியும் அதுதானே, டிக் போட்டுவிட்டு அடுத்த கணக்குக்குப் போய்விட்டேன். பக்கத்தில் உட்கார்ந்திருந்த பெண் விடவில்லை. "சார், க-வுக்கு −5 போட்டா? வர்க்கம் பண்ணா 25, அதோட மூலம் 5. −5 எங்க சார் போச்சு?"

அவள் கேட்டது முழுக்க நியாயம். அன்று ராத்திரி லேப்டாப்பைத் திறந்து சிம்பையில் அதே கோவையை அடித்தேன். அதற்குச் சில வாரம் முன்புதான் ஒரு நண்பர் சொல்லி அதை நிறுவியிருந்தேன். விடை என்று எதுவும் வரவில்லை, நான் அடித்ததையே திருப்பித் தந்தது. வர்க்கமூலம், உள்ளே க². சுருக்கு என்று தனியாகக் கட்டளை கொடுத்தேன், அப்போதும் அதேதான். முதலில் நான்தான் ஏதோ தப்பாக அடித்துவிட்டேன் என்று நினைத்தேன். பிறகு ஆவணங்களைப் படித்தபோதுதான் புரிந்தது, அது தெரியாமல் நிற்கவில்லை, தெரிந்துதான் நிற்கிறது. க எந்த மாதிரி எண் என்று நான் சொல்லவே இல்லை. சொல்லாதவரை அது சுருக்காது.

இந்த ஒரு குணத்துக்காகவே இந்த மதிப்புரையை எழுதுகிறேன். அடுக்குக்குறி விதிகளைச் சொல்லிக்கொடுக்கிற யாரும், படிக்கிற யாரும் ஒரு தடவையாவது இதைத் தொட்டுப் பார்க்க வேண்டும்.

சிம்பை என்பது பைத்தான் மொழியில் எழுதப்பட்ட ஒரு இயற்கணித நூலகம். கால்குலேட்டர் மாதிரி எண்ணை மட்டும் வைத்துக்கொண்டு வேலை செய்யாது, எழுத்தை எழுத்தாகவே வைத்துச் சுருக்கும், விரிக்கும், காரணிப்படுத்தும். 2005-இல் ஒன்ட்ரேய் செர்டிக் என்பவர் தொடங்கியது, பிறகு உலகம் முழுக்கப் பல பேர் சேர்ந்து வளர்த்தது. 2007-இலிருந்து கூகுளின் கோடைக்காலத் திட்டத்தின் வழியாக நிறைய மாணவர்கள் இதில் எழுதியிருக்கிறார்கள். பிஎஸ்டி உரிமம், அதாவது காசு கிடையாது, கணக்குத் தொடங்க வேண்டாம், விளம்பரம் இல்லை. பைத்தானோடு எம்பிமேத் என்ற ஒரே ஒரு துணை நூலகம் இருந்தால் போதும். என் அக்கா மகனுக்கு அரசுப் பள்ளியில் கொடுத்த இலவச லேப்டாப் ஒன்று வீட்டில் சும்மா கிடந்தது, அதில் போட்டேன், ஓடுகிறது. எதையும் நிறுவ விருப்பமில்லை என்றால் சிம்பை லைவ் என்ற இணையப் பக்கம் இருக்கிறது, உலாவிக்குள்ளேயே பைத்தான் இறங்கி ஓடும். முதல் தடவை திறக்கும்போது கொஞ்சம் பொறுமை வேண்டும், நம் ஊர் மொபைல் நெட்டில் இன்னும் கொஞ்சம்.

இன்னொரு விஷயம், இது எனக்கு ரொம்பப் பிடித்தது. பைத்தான் 3-இல் மாறிகளுக்குத் தமிழ் எழுத்திலேயே பெயர் வைக்கலாம். க என்றும் ச என்றும் குறியீடு உண்டாக்கி, க**2 * க**3 என்று அடித்தால் க**5 என்று வருகிறது. தமிழ் வழிப் பிள்ளைகள் முகத்தில் அதைப் பார்த்ததும் வந்த வெளிச்சத்தை நான் மறக்க மாட்டேன். கட்டளைகள் எல்லாம் ஆங்கிலம்தான், ஆனால் கணக்கு அவர்கள் எழுத்தில் இருக்கிறது. அதனால் இந்த மதிப்புரையிலும் அடிமானத்துக்கு க, ச என்றும் அடுக்குக்கு ம, ந என்றும் வைத்துக்கொள்கிறேன்.

இரண்டு நட்சத்திரம் எதற்கு என்று பிள்ளைகள் கேட்பார்கள். பைத்தானில் அடுக்குக்கு அதுதான் குறி. 1957-இல் வந்த ஃபோர்ட்ரான் என்ற பழைய நிரல் மொழியிலேயே அப்படித்தான், துளை அட்டையில் எண்ணைத் தூக்கி மேலே எழுத வழியில்லை. இன்று நாம் எழுதுகிற மாதிரி அடுக்கைச் சின்னதாக மேலே தூக்கி எழுதும் வழக்கத்தை 1637-இல் அச்சில் நிலைக்க வைத்தவர் டெகார்த் என்ற பிரெஞ்சுக் கணித அறிஞர், அவரேகூட வர்க்கத்துக்குப் பல இடங்களில் எழுத்தை இரண்டு தடவை அடுத்தடுத்து எழுதிவிடுவார்.

சரி, சாதாரணக் கணக்குகளில் எப்படி என்று முதலில் சொல்லிவிடுகிறேன். அடுக்கு முழு எண்ணாக இருக்கும்வரை கேள்வியே இல்லை. (2*க**3)**4 என்று கொடுத்தால் 16*க**12. மேலே க⁴ச³, கீழே க²ச⁵ என்று வகுத்தால் க²/ச². குறை அடுக்கு வந்தாலும் ஒழுங்காகப் பகுதிக்குக் கொண்டுபோகிறது. க² + க³ என்று அடித்தால் அப்படியே விட்டுவிடுகிறது, இதை நான் ஒவ்வொரு பேட்ச்சிலும் வேண்டுமென்றே அடித்துக் காட்டுவேன், ஏனென்றால் பாதிப் பேர் அதை க⁵ ஆக்கிவிடுவார்கள். கூட்டலில் அடுக்கைச் சேர்க்க விதியே கிடையாது என்று பத்துத் தடவை சொன்னதைவிட, திரையில் அது அசையாமல் நிற்பதை ஒரு தடவை பார்த்தது நன்றாகப் பதிகிறது. −2**4 என்றால் −16, (−2)**4 என்றால் 16, இதிலும் நம் பாடப்புத்தகத்தோடு ஒத்துப்போகிறது. எக்செல்லில் இதே −2^4-ஐப் போட்டுப் பாருங்கள், 16 என்று வரும். அதில் குறை அடையாளத்துக்கு அடுக்கைவிட முன்னுரிமை. பிள்ளைகள் அங்கே சரிபார்த்துவிட்டு வந்து சண்டை போடுவார்கள், தெரிந்து வைத்துக்கொள்ளுங்கள்.

இனிமேல்தான் முக்கியமான பகுதி. அடுக்கு பின்னமாகவோ வெறும் எழுத்தாகவோ ஆகிற இடம்.

நாம் விதிகளை வரிசையாக எழுதிப் போடுகிறோம். அடிமானம் ஒன்றே என்றால் அடுக்கைக் கூட்டு. அடுக்கு ஒன்றே என்றால் அடிமானங்களைப் பெருக்கு. அடுக்கின் மேல் அடுக்கு என்றால் பெருக்கு. மூன்றும் ஒரே சட்டத்துக்குள், ஒரே அளவு எழுத்தில், ஒரே நம்பிக்கையோடு. எட்டாம் வகுப்பில் முழு எண் அடுக்குகளுக்கு இப்படிச் சொல்லிவிடலாம், அடிமானம் பூஜ்ஜியம் இல்லை என்கிற ஒரு நிபந்தனையை மட்டும் வைத்துக்கொண்டால் எல்லாம் சரிதான். ஒன்பதாம் வகுப்பில் பின்ன அடுக்கு உள்ளே வருகிறது, பதினொன்றில் மறுபடியும் வருகிறது, அப்போதும் அதே பட்டியலை அப்படியே நீட்டிவிடுகிறோம். பாடப்புத்தகத்தில் மிகை எண் என்று நிபந்தனை எழுதியிருந்தாலும் அதை யாரும் அடிக்கோடு போடுவதில்லை. நானும் போட்டதில்லை.

சிம்பை இந்த மூன்றையும் மூன்று விதமாக நடத்துகிறது. முதல் விதிக்கு எந்தக் கேள்வியும் கேட்பதில்லை. க**ம * க**ந என்று கொடுத்து, அடுக்குகளைச் சுருக்கும் பவ்சிம்ப் என்கிற கட்டளையைப் போட்டால் க**(ம + ந) வந்துவிடுகிறது. க மிகையா குறையா, ம பின்னமா, எதுவும் அதற்குத் தேவையில்லை, ஏனென்றால் அந்த விதி எப்போதும் உண்மை.

இரண்டாவது விதிக்கு அதே கட்டளையைப் போட்டால் நிற்கிறது. க**ம * ச**ம, அப்படியே திரும்ப வருகிறது. ஏன் என்று பிள்ளைகளிடமே விட்டேன். பத்து நிமிடம் கழித்து ஒருவன் பிடித்தான். க, ச இரண்டுக்கும் −1 போடு, ம-வுக்கு ½ போடு. பெருக்கிவிட்டு மூலம் எடுத்தால் 1-இன் வர்க்கமூலம், 1. தனித்தனியாக மூலம் எடுத்துப் பெருக்கினால் −1-இன் வர்க்கமூலத்தை அதனாலேயே பெருக்குகிறோம், −1. ஒரே விதியின் இரண்டு பக்கமும் இரண்டு விடை. பன்னிரண்டாம் வகுப்பில் கலப்பு எண்கள் பாடத்துக்கு வரும்போது தடுக்கி விழுகிற இடம் இதுதான். அது இங்கேயே, அடுக்கு விதிக்குள்ளேயே ஒளிந்திருக்கிறது என்று அந்தப் பேட்ச்சுக்கு ஒரு வருடம் முன்பே தெரிந்துவிட்டது. பிறகு க, ச இரண்டும் மிகை, ம மெய்யெண் என்று அறிவித்துவிட்டு அதே கட்டளையைப் போட்டோம். உடனே (க*ச)**ம.

மூன்றாவது, அடுக்கின் மேல் அடுக்கு. (க**ம)**ந. வெளியே உள்ள ந முழு எண் என்று சொன்னால் பெருக்கிவிடுகிறது. சொல்லாவிட்டால் நிற்கிறது. முதலில் சொன்ன அந்தப் பெண்ணின் −5 கணக்கு இந்த வகைதான். இதை வைத்து ஒரு வகுப்பு முழுக்க ஓட்டினேன், இன்றுவரை எனக்குப் பிடித்த வகுப்பு அது. க²-இன் வர்க்கமூலம் ஒன்றுதான் கோவை, அதைத் தொடவே கூடாது, க-வைப் பற்றிச் சொல்வதை மட்டும் மாற்றிக்கொண்டே போக வேண்டும். ஒன்றும் சொல்லாவிட்டால் கோவை அப்படியே நிற்கிறது. க மெய்யெண் என்றால் க-வின் மட்டு மதிப்பு வருகிறது. மிகை என்றால் க. குறை எண் என்று சொன்னால் −க வருகிறது. கடைசியைப் பார்த்துவிட்டு "மூலம் எடுத்தா மைனஸ் வருதே, தப்பு" என்று ஒரே சத்தம். க-வே குறை எண் என்றால் −க மிகைதானே என்று அவர்களே ஒருவருக்கொருவர் விளக்கி முடிப்பதற்குள் நேரம் முடிந்துவிட்டது. மட்டு மதிப்பு எதற்காக இருக்கிறது என்று நான் இத்தனை வருடமாகச் சொல்லிப் புரியவைக்க முடியாததை அந்த நான்கு வரி செய்தது.

அடம் பிடிக்கிறவர்களுக்கு ஒரு வழி வைத்திருக்கிறார்கள். ஃபோர்ஸ் என்று சேர்த்துக் கொடுத்தால் நிபந்தனை எதையும் பார்க்காமல் சுருக்கிவிடும். அந்தச் சொல்லைத் தேர்ந்தெடுத்தவரைப் பாராட்ட வேண்டும், ஏனென்றால் சுருக்குகிறவர் தெரிந்தே பொறுப்பை ஏற்றுக்கொள்கிறார். எங்கள் வகுப்பில் இப்போது யாராவது யோசிக்காமல் மூலத்தை நீக்கினால் பிள்ளைகளே "ஃபோர்ஸ் போட்டுட்டான் சார்" என்கிறார்கள்.

இனி குறைகள். சில நிஜமாகவே தொந்தரவானவை.

பள்ளிப் பிள்ளைகளுக்கு முதல் அதிர்ச்சி −8-இன் கனமூலம். நமக்கு −2. சிம்பையில் (−8)**ரேஷனல்(1, 3) என்று கொடுத்தால் 2*(−1)**(1/3) என்று எழுதிக்கொண்டு நிற்கும். அது பிழை கிடையாது. கலப்பு எண்களில் −8-க்கு மூன்று கனமூலங்கள் உண்டு, அதில் முதன்மை மூலம் என்று எடுத்துக்கொள்வது மெய்ப்பகுதி 1, கற்பனைப் பகுதி √3 உள்ள எண்ணை, அதைத்தான் அது சொல்கிறது. ஆனால் ஒன்பதாம் வகுப்புக் குழந்தையிடம் இதை எப்படிச் சொல்வது? ரியல்_ரூட் என்று தனிக் கட்டளை இருக்கிறது, அதில் −8, 3 என்று கொடுத்தால் −2 வரும். ஒன்பதாம் வகுப்பு வரை நான் கனமூலக் கணக்குகளுக்கு அதை மட்டும்தான் காட்டுகிறேன், மற்றதைப் பன்னிரண்டுக்கு ஒத்திவைக்கிறேன்.

பின்ன அடுக்கை அடிக்கும்போது கவனம். க**(1/3) என்று அடித்தால் பைத்தான் முதலில் 1-ஐ 3-ஆல் வகுத்து 0.333333333333333 என்று தசமமாக்கிவிடும், அப்புறம் சிம்பை கையில் கிடைப்பது அந்தத் தசமம்தான், பின்னம் இல்லை. அதனால்தான் மேலே ரேஷனல் என்று எழுதினேன். எக்செல் பழக்கத்தில் 2^3 என்று அடித்தால் 1 என்று வரும், பைத்தானில் அந்தக் கூரைக் குறி இரும எண்களைப் பிட்டு பிட்டாக ஒப்பிடும் வேறு வேலைக்கு. 2க என்று சேர்த்து எழுத முடியாது, 2*க என்றுதான் எழுத வேண்டும். இதெல்லாம் ஒரு வாரத்தில் பழகிவிடும்.

பழகாமல் எல்லோரையும் சிக்க வைப்பது இரட்டைச் சமன்குறி. இரண்டு கோவைகள் சமமா என்று பார்க்கப் பிள்ளைகள் இயல்பாக அதைத்தான் போடுவார்கள். (க+1)**2-ஐயும் க**2 + 2*க + 1-ஐயும் அப்படி ஒப்பிட்டால் பொய் என்று வரும். அது மதிப்பைப் பார்ப்பதில்லை, எழுதப்பட்டிருக்கும் வடிவத்தை மட்டும் பார்க்கிறது. ஒன்றிலிருந்து ஒன்றைக் கழித்து, சுருக்கி, பூஜ்ஜியம் வருகிறதா என்று பார்ப்பதுதான் சரியான வழி. இதை முதல் நாளே சொல்லாமல் விட்டால், சரியாக விரித்த பிள்ளை தன் விடை தப்பு என்று நினைத்து அழித்துவிடும். எங்கள் வகுப்பில் அது நடந்தது, முன்பே சொல்லாதது என் தவறு, அந்தப் பையனுக்கு ஒரு மாலை முழுக்க வீணானது.

நிபந்தனைகளில் இவ்வளவு கறாராக இருக்கிற மென்பொருள் பூஜ்ஜியத்தில் மட்டும் தாராளமாக இருக்கிறது. க⁵/க⁵ என்று அடித்தால் கேள்வியே இல்லாமல் 1. க பூஜ்ஜியமாக இருந்தால் அந்தக் கோவைக்கு அர்த்தமே இல்லை என்று ஒரு வார்த்தை கிடையாது. க**0 என்றாலும் 1, 0-க்கு 0 அடுக்கு என்றாலும் 1. வேகத்துக்காகவும் வசதிக்காகவும் இப்படி வைத்திருப்பார்கள் போல, கணிதத்தில் பல இடங்களில் 0-இன் 0 அடுக்கை 1 என்று வைத்துக்கொள்வது வழக்கமும்கூட. ஆனாலும் அடிமானம் பூஜ்ஜியம் இல்லை என்ற நிபந்தனையை மட்டும் நீங்கள்தான் சாக்பீஸால் எழுத வேண்டும், இது எழுதாது.

இன்னொரு சின்ன எரிச்சல். க, ச இரண்டும் மிகை என்று அறிவித்துவிட்டால், கச-வின் வர்க்கமூலத்தைக் கொடுத்தவுடன் √க √ச என்று தானாகவே பிரித்துவிடுகிறது. திரும்பச் சேர்க்கச் சொன்னாலும் சேராது, சேர்த்த நொடியே மறுபடி பிரிந்துவிடும். தேர்வில் ஒரே மூலக்குறிக்குள் கொண்டுவா என்று கேட்கிற கணக்குகளுக்கு அதனால் இது உதவாது.

படிப்படியாக வழி காட்டுமா என்றால் காட்டாது. பெற்றோர்கள் முதலில் கேட்பது இதைத்தான். ஃபோன் செயலிகள் ஒவ்வொரு வரியாகப் பிரித்துக் காட்டுகின்றன, இது விடையை மட்டும் வைக்கிறது. நாளைக்கு ஐந்து மதிப்பெண் கேள்வி, வரிவரியாக எழுத வேண்டும் என்றால் சிம்பையிடம் போகாதீர்கள். விடையைச் சரிபார்க்க, அதைவிட முக்கியமாக ஒரு விதி எங்கே உடைகிறது என்று தேட, அதற்குத்தான் இது. பிழைச் செய்திகள் எல்லாம் ஆங்கிலத்தில், சிவப்பில், நீளமாக வந்து விழும். ஒன்பதாம் வகுப்புத் தமிழ் வழிக் குழந்தை தனியாக உட்கார்ந்து பயன்படுத்த முடியும் என்று நான் சொல்ல மாட்டேன். பக்கத்தில் ஒருவர் வேண்டும், முதல் மாதமாவது. அடிக்கடி வரும் பிழைகளுக்கு ஒரு தாளில் தமிழில் எழுதி லேப்டாப் மூடியில் ஒட்டி வைத்திருக்கிறேன், அதன் பிறகு பயம் குறைந்தது. பதினொன்று, பன்னிரண்டு பிள்ளைகள், அதிலும் கணினி அறிவியல் எடுத்து ஏற்கெனவே பைத்தான் படிக்கிறவர்கள், ஒரே உட்காரலில் பிடித்துக்கொள்வார்கள். ஆசிரியர்களுக்கு என் முழுப் பரிந்துரை. ஐந்துக்கு நாலரை தருவேன், அரை குறைந்தது அந்தப் பூஜ்ஜியத்துக்காக.

இந்த வருடப் பதினொன்றாம் வகுப்புக்கு அடுக்குகளும் மூலங்களும் போன வாரம் முடிந்தன, அடுத்து மடக்கை. நேற்று முன்கூட்டியே க²-இன் மடக்கையைக் கொடுத்து விரிக்கச் சொல்லிப் பார்த்தேன். அடுக்கை முன்னால் கொண்டுவந்து இரண்டு மடங்கு மடக்கை என்று எழுதுவோமே, அதைச் செய்யவில்லை, அப்படியே நிற்கிறது. க மிகை என்று சொன்னதும் 2-ஐ முன்னால் கொண்டுவந்து வைத்தது. திங்கட்கிழமை வகுப்பை அங்கிருந்துதான் தொடங்கப் போகிறேன், அந்தக் கோவையை மட்டும் திரையில் விட்டுவிட்டு, ஏன் நிற்கிறது என்று கேட்டு.